காய்ந்த துளி

“இன்னும் கொஞ்சம் பலமா ஊதுங்க.”

“இதுக்கு மேல ஊதுனா இருமல் வந்துரும் மேடம். வந்தா நிக்காது.”

“ஒரே ஒரு தடவை. கண்ணாடியை வாய்க்கிட்ட வச்சு.”

“காலையில இருந்து ஊதிக்கிட்டேதான் இருக்காரு. ஆஸ்பத்திரில ஒரு தடவ. உங்க வாசல்ல செக்யூரிட்டிக்கு ஒரு தடவ. எத்தன தடவ ஊதுனாலும் இதான். பாருங்க.”

அந்தப் பெண் தன் கைப்பையிலிருந்து எடுத்த சின்னக் கண்ணாடியைத் திருப்பிக் காட்டினாள். அப்போதுதான் துடைத்து வைத்ததுபோல் பளிச்சென்று இருந்தது. அறைக்குள் பதினெட்டு டிகிரி குளிர். அந்தக் குளிரில் யார் ஊதினாலும் ஆவி படிந்தே தீரும். சந்தேகத்துக்கு அங்கயற்கண்ணி தானே வாங்கி ஊதிப் பார்த்தாள். கண்ணாடி வெளுத்து அவள் முகம் மறைந்தது. துடைத்துவிட்டு மறுபடி அந்த மனிதரிடம் நீட்டினாள். அவர் ஊதினார். கண்ணாடியில் அவருடைய பல், மீசை, நெற்றி வியர்வை எல்லாம் அப்படியே தெரிந்தன.

“செத்தவனுக்குத்தான் மேடம் மூக்குல கண்ணாடி வச்சுப் பாப்பாய்ங்க,” என்று அவர் சிரித்தார். “நான் பஸ் ஏறி வந்து, டீ குடிச்சிட்டு, நடந்துக்கிட்டே பாஸாயிட்டேன்.”

“சும்மா இருங்க. எப்பப் பாரு எகத்தாளம்.”

அவர் பெயர் சோணைமுத்து. கூட வந்தவள் அவர் மனைவி மோனிஷா. வில்லாபுரத்திலிருந்து இரண்டு பஸ் மாறி, மதுரைக்கு வெளியே இருக்கும் இந்த ஆய்வு மையத்துக்கு வந்திருந்தார்கள். மையத்தின் அடித்தளத்தில் ஒரு எலக்ட்ரான் மைக்ராஸ்கோப் இருந்தது. பதினான்கு வருடமாக அதை இயக்குபவள் அங்கயற்கண்ணி.

சோணைமுத்து நிழலி அடிப்பவர். நிழலி என்ன என்று அந்த ஊரில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. ‘பெரிய வெயில்’ என்று எல்லோரும் இப்போதும் குரலைத் தாழ்த்திச் சொல்லும் அந்தக் கோடையில், ஒரே வாரத்தில் நகரத்தில் இரண்டாயிரம் பேர் தங்கள் வீட்டுக்குள்ளேயே வெந்து செத்தார்கள். அதற்கு அடுத்த வருடம் வந்தது நிழலி. பால் மாதிரி ஒரு பூச்சு. கூரைமேல் பீய்ச்சி அடித்தால் போதும். அதிலுள்ள துகள்கள் சூடான பரப்பைத் தாமாகவே தேடிப் போய், ஒன்றோடொன்று கைகோத்து, மீன் செதில்போலப் படிந்துகொள்ளும். வெயிலை வந்த வழியே திருப்பி அனுப்பும். வீட்டுக்குள் பத்து டிகிரி குறையும். மழையில் கரைந்துபோன இடங்களில் அடுத்த கோடைக்கு முன் மறுபடி அடிக்க வேண்டும். ஆறு வருடத்தில் ஊரின் கூரைகள் முக்கால்வாசி வெள்ளையாகிவிட்டன. விமானத்திலிருந்து பார்த்தால் மதுரை ஓர் உப்பளம்போல் தெரியும் என்பார்கள்.

வருகிற திங்கட்கிழமை அடுத்த கட்டம் தொடங்குகிறது. மாவட்டத்தின் எல்லாக் கிராமங்களுக்கும் சேர்த்துப் புதிதாக நானூறு பேர் ஏணி ஏறப் போகிறார்கள்.

“சின்ன டாக்டரம்மா ஒருத்தவங்க இவரு நெஞ்சுக்குள்ள தண்ணி விட்டுக் கழுவி எடுத்துக் குடுத்தாங்க.” மோனிஷா மூடி போட்ட ஒரு பாட்டிலை மேசைமேல் வைத்தாள். “இதுல என்ன இருக்குன்னு பெரிய மைக்ராஸ்கோப்லதான் தெரியுமாம். மேல ஆபீஸ்ல குடுத்தா, லெட்டர் எங்க, சீல் எங்கன்னு தொரத்துறாய்ங்க. அதான் நேரா எறங்கி வந்தேன். நிழலி டப்பாவுல இருக்கிற படம் நீங்க எடுத்ததுதான? கீழ பேரு போட்டிருக்கு. பொம்பளப் பேராச்சே, காது குடுத்துக் கேப்பீங்கன்னு நெனச்சேன்.”

அந்தப் படத்தை அங்கயற்கண்ணி பார்க்கத் தேவையில்லை. கண்ணை மூடினாலும் தெரியும். திராட்சைக் கொத்துகள்போலத் திரண்டு கிடக்கும் சாம்பல்நிற உருண்டைகள். கீழே, ‘துகள்கள் பெரியவை. மூக்கும் தொண்டையுமே தடுத்துவிடும். அடிக்கும்போது ஈரத்துணி கட்டிக்கொண்டால் போதும்’ என்ற வாசகம். அதற்கும் கீழே, எறும்பு எழுத்தில், ‘படம்: இ. அங்கயற்கண்ணி’. ஊர் முழுக்கச் சுவரொட்டியாக வந்த படம். பெரியார் பஸ் நிலையத்துச் சுவரில் அதன் பக்கத்தில் நின்று அவள் போட்டோகூட எடுத்துக்கொண்டிருக்கிறாள்.

“துகள் பெருசுங்க. உள்ள போயிருக்க முடியாது,” என்றாள். தன் குரல் தனக்கே பாடம் ஒப்பிப்பதுபோல் கேட்டது.

“எது பெருசு?” என்று சோணைமுத்து கேட்டார். “பீய்ச்சுற நாசில் வாயில காஞ்சா கட்டி கட்டியா நிக்கும், அதுவா? அது பெருசுதான். ஊக்கு வச்சுக் குத்தி எடுப்போம். ஆனா அது மேல ரெண்டு சொட்டுத் தண்ணி விட்டுப் பாருங்க. ஒடனே பாலாயிரும். ஒரு கட்டி இருக்காது.”

“இவரு கூட நிழலி அடிக்கிற எங்க செட்டு ஆளுங்க பதினாலு பேர்ல இது தெரியாத ஆளு கெடையாது மேடம்,” என்றாள் மோனிஷா.

அங்கயற்கண்ணி பாட்டிலை எடுத்துக்கொண்டாள். “சாயந்திரம் ஆகும். இருப்பீங்களா?”

“ஆறு வருசம் இருந்தாச்சு.”

மூலையில் பிளாஸ்டிக் உறை போர்த்தி, துளிகளை உறைய வைக்கும் கருவி ஒன்று நின்றது. அதைச் சேர்ந்த ஈத்தேன் சிலிண்டரை எடுக்க இயக்குநரின் கையெழுத்து வேண்டும். அவள் கேட்கப் போகவில்லை. பழைய சிலிண்டரில் மிச்சம் இருந்த வாயுவே போதுமானதாக இருந்தது. திரவ நைட்ரஜனைப் புகையப் புகைய ஊற்றி, ஈத்தேனைக் குளிர்வித்து, சட்டைப் பொத்தானைவிடச் சிறிய செம்பு வலை ஒன்றில் அந்தப் பாட்டிலின் ஒரு துளியை வைத்து, சட்டென்று உள்ளே முக்கினாள். இப்படி முக்கினால் தண்ணீருக்குப் பனிக்கட்டியாக மாறக்கூட நேரம் இருக்காது. இருந்தது இருந்தபடியே கண்ணாடிபோல் உறைந்துவிடும். ஒரு கணத்தை அப்படியே நிறுத்திப் பார்ப்பது இது. இந்த வேலைக்கு வந்த புதிதில் அவளைத் தூங்கவிடாத கனவே இதுதான்.

மாலை ஐந்து மணிக்குத் திரையில் அது வந்தது.

முதலில் சாம்பல் மட்டும். பிறகு, வானத்தில் கண் பழகப் பழக நட்சத்திரம் பூப்பதுபோல், ஒன்று, பத்து, நூறு. தனித்தனியாக. ஒன்றையொன்று தொடாமல், தொடக் காத்திருப்பவைபோல. ஒவ்வொன்றும் பதினெட்டு நானோமீட்டர். ஒரு தலைமுடியின் குறுக்கே நாலாயிரத்தை வரிசையாக நிறுத்தலாம். திரையின் ஓரத்தில், சோணைமுத்துவின் நுரையீரலிலிருந்து கழுவுநீரோடு உரிந்து வந்த ஒரு துணுக்கு. அதன்மேல் அதே துகள்கள் செதில் செதிலாகப் படிந்து, இடைவெளியே இல்லாமல், சுத்தமாக வேய்ந்து வைத்த ஒரு கூரை.

அழகாக இருந்தது. அதுதான் அவளுக்கு முதலில் ஆத்திரமூட்டியது.

வெளியே வந்து இருவருக்கும் சொன்னாள். சூடான பரப்பைத் தேடிப் போகச் செய்த துகள் உள்ளேயும் சூட்டைத் தேடிப் போயிருக்கிறது. மேலே படிந்த செதில், நெஞ்சின் சூட்டையும் ஈரத்தையும் மூச்சுக்காற்றில் கலக்கவிடவில்லை. உள்ளே போன காற்று போன மாதிரியே திரும்பி வருகிறது. அதனால்தான் கண்ணாடியில் ஆவி இல்லை.

“அப்ப நான் ஏசி,” என்றார் சோணைமுத்து.

மோனிஷா அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. “அப்ப அன்னைக்கு நீங்க பாத்தது என்னது?”

“காய வச்சுப் பாத்தேன்.”

“ஏன் காய வச்சீங்க?”

“இந்த மைக்ராஸ்கோப்புக்குள்ள காத்தே இருக்காது. ஈரமா எதையும் வைக்க முடியாது. ஒண்ணு, இப்ப செஞ்ச மாதிரி உறைய வைக்கணும். இல்லன்னா காய வைக்கணும். காய வைக்கிறதுதான் இங்க வழக்கம். டேபிள் லைட்டுக்குக் கீழ ரெண்டு நிமிஷம் வச்சாப் போதும். ஆனா தண்ணி வத்துறப்ப துகளெல்லாம் ஒண்ணாச் சேந்து கட்டியாயிருது. நான் அளந்தது அந்தக் கட்டியை.”

“எங்க வீட்டுக்காரரு நெஞ்சு காஞ்சா மேடம் இருக்கும்?”

மோனிஷா அதோடு நிறுத்தவில்லை.

“ஈரத் துணி கட்டுங்கன்னு டப்பாவுலயே போட்டிருக்கே. நாந்தான் தெனம் காலையில துண்ட நனைச்சுப் பிழிஞ்சு குடுத்து அனுப்புவேன். வெயிலுக்கும் குளுகுளுன்னு இருக்கும், தூசியும் ஒட்டிக்கும்னு. அப்ப அந்த ஈரத்துல…?”

“கட்டி கரைஞ்சு தனித்தனி ஆயிரும். துணியைத் தாண்டிப் போயிரும்.”

மோனிஷா எழுந்து நின்றாள். அடிக்கப் போகிறாளோ என்று அங்கயற்கண்ணி நினைத்தாள். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று பின்னால் பலமுறை நினைத்துக்கொண்டாள்.

“ஊக்க வச்சுக் குத்துறவனுக்குத் தெரிஞ்சது,” மோனிஷா ஒவ்வொரு சொல்லாக வைத்தாள், “இம்மாம் பெரிய மிசினு வச்சுக்கிட்டு ஏசில உக்காந்துருக்கிற உங்களுக்குத் தெரியாமப் போச்சு. ஒரு நாள், ஒரே ஒரு நாள், மாடிக்கு வந்து எங்கள ஒரு வார்த்த கேட்டிருந்தா என்ன மேடம் கொறஞ்சு போயிருப்பீங்க?”

“விடு மோனிஷா,” என்றார் சோணைமுத்து.

“நீங்க விடுங்க. மூச்ச விடுங்க, அது போதும்.”

மறுநாள் சனிக்கிழமை. இயக்குநர் மனோகரதாஸ் விடுமுறை நாளிலும் ஒன்பது மணிக்கு வந்துவிடுபவர். அங்கயற்கண்ணி டப்பாவில் வந்த பழைய படத்தையும் நேற்று எடுத்த படத்தையும் அவர் மேசைமேல் பக்கம் பக்கமாக வைத்தாள்.

“உக்காரும்மா.”

“வேண்டாம் சார்.”

அவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். அவர் முட்டாள் இல்லை. புரிந்துவிட்டது என்பது கழுத்து நரம்பிலேயே தெரிந்தது.

“ஒரு ஆளு. ஒரு பாட்டில்,” என்றார் கடைசியில்.

“பதினாலு பேர்ல ஒன்பது பேருக்குக் கண்ணாடில ஆவி படியல சார். அந்தம்மா ஒவ்வொரு வீடா ஏறி இறங்கிப் பாத்திருக்காங்க.”

“கண்ணாடி வச்சு.”

“கண்ணாடி வச்சுத்தான். நம்மகிட்ட இருக்கிறதைவிட அது சரியா வேலை செய்யுது.”

“சிலிண்டரை யாரைக் கேட்டு எடுத்த?”

அவளுக்குச் சிரிப்பு வந்தது. நெஞ்சில் ஏதோ திகுதிகுவென்று எரிகையில் வரும் சிரிப்பு. “சார், ஒருத்தரு நெஞ்சுக்குள்ள கூரை போட்டிருக்கோம். நீங்க சிலிண்டரைக் கேக்குறீங்க.”

மனோகரதாஸ் நாற்காலியில் சாய்ந்தார். “பெரிய வெயில் அப்ப எங்கப்பா திருமங்கலத்துல தனியா இருந்தாரு. மூணாவது நாள்தான் கதவை உடைச்சோம். அதை உனக்கு விவரமாச் சொல்ல மாட்டேன். இன்னைக்கு அந்தத் தெருவுல ஒவ்வொரு கூரையும் வெள்ளை. ஒரு கிழவர்கூட சாகல. திங்கட்கிழமை வேலை நின்னா கிராமத்துல என்ன ஆகும்? அக்னி நட்சத்திரம் இன்னும் ஆரம்பிக்கவே இல்ல. நான் மறைக்கச் சொல்லல அங்கை. வெயில் முடியட்டும்னு சொல்றேன். ரெண்டே மாசம்.”

“ரெண்டு மாசத்துல நானூறு பேரு ஏறி இறங்கிருவாங்க.”

“அந்தக் கூரைங்களுக்குக் கீழ லட்சம் பேரு இருக்காங்க.”

“அப்ப அந்த லட்சம் பேருக்காக மூச்சை விடுறீங்களான்னு இந்த நானூறு பேரைக் கேளுங்க சார். கேட்டுட்டு ஏத்துங்க. மூக்கே தடுத்துரும்னு பொய் சொல்லி ஏத்தாதீங்க!”

“பொய் சொன்னது யாரு?” அவர் குரல் உயரவில்லை. “காய வச்சது யாரு?”

“நான்தான்.” மேசை விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டாள். “உறைய வச்சுப் பாக்கலாமான்னு அன்னைக்கு ஒரு தடவை கேட்டேன். சிலிண்டர் வர மூணு வாரம் ஆகும், லைட்டுக்குக் கீழ வைன்னீங்க. வச்சேன். ரெண்டாவது தடவை நான் கேக்கல. படம் அழகா வந்துருச்சு, பேரு போடுறாங்க, அதுவே போதும்னு இருந்துட்டேன். அந்த ரெண்டாவது தடவையை இப்ப கேக்க வந்திருக்கேன்.”

“வேலை போயிரும்மா.”

“போகட்டும் சார்.”

ஞாயிற்றுக்கிழமை நண்பகலுக்குள் அவள் கடிதம் கலெக்டர் அலுவலகத்துக்கும், பூச்சுத் தொழிலாளர் சங்கத்துக்கும், இரண்டு பத்திரிகைகளுக்கும் போய்ச் சேர்ந்தது. முதல் வரி இப்படி இருந்தது: ‘ஆறு வருடத்துக்கு முன் என் பெயரில் வெளியான படம் தவறானது. தவறு என்னுடையது.’ இரண்டு படங்களையும் இணைத்திருந்தாள். சோணைமுத்து கண்ணாடியில் ஊதும் வீடியோவை மோனிஷாவே போட்டுவிட்டாள். மாலைக்குள் ஊரெல்லாம் அவரவர் வீட்டுக் கண்ணாடியில் ஊதிப் பார்த்துக்கொண்டிருந்தது.

திங்கட்கிழமை காலை, தண்ணீர் கேனும் ஏணியுமாக வந்த நானூறு பேரும் கிடங்கு வாசலிலேயே திருப்பி அனுப்பப்பட்டார்கள். அங்கயற்கண்ணிக்குத் தற்காலிகப் பணிநீக்க உத்தரவு வந்தது. அதைக் குளிர்சாதனப் பெட்டியின்மேல் காந்தம் வைத்து ஒட்டினாள். அன்று வயிறாரச் சாப்பிட்டாள். நானூறு பேர் கீழேயே நிற்கிறார்கள். அதை நினைக்க நினைக்க, நெஞ்சில் எரிந்தது சற்றே தணிந்து உட்கார்ந்தது.

பதினாறாவது நாள் அது மறுபடி எழுந்தது.

பத்திரிகையின் முதல் பக்கத்திலேயே போட்டிருந்தார்கள். மழை வந்தால் நிழலி கரைந்து கண்மாய்களில் கலந்துவிடும் ஆபத்து இருப்பதால், மழைக்கு முன் நகரத்தின் எல்லாக் கூரைகளிலிருந்தும் அது அகற்றப்படும். இரண்டு லட்சம் கூரை. அகற்றும் வேலையும் அதே நிழலி கம்பெனிக்கே, ஏனென்றால் ஏணியும் ஆட்களும் அவர்களிடம்தான் இருக்கிறார்கள். சுரண்டினால் தூசி பறக்கும் என்பதால் அழுத்தம் கூடிய பம்பு வைத்துத் தண்ணீரைப் பீய்ச்சிக் கழுவுவார்கள்.

தண்ணீர். அவள் பத்திரிகையைக் கசக்கினாள். பீய்ச்சுகிற இடத்தில் பனிபோல் சாரல் எழும். அந்தச் சாரலின் ஒவ்வொரு பொட்டிலும் துகள்கள் ஆயிரக்கணக்கில், தனித்தனியாக மிதக்கும். முகத்துக்கு நேரே. அவள் கடிதத்தின் நான்காவது பத்தியில் இதைத்தான் எழுதியிருந்தாள். யாரும் நான்காவது பத்தி வரை போகவில்லை. கலெக்டர் அலுவலகத்துக்குப் போன் செய்தாள். நீங்கள் இப்போது எந்தப் பதவியில் இருந்து பேசுகிறீர்கள் என்று கேட்டார்கள். மூன்றாவது முறை எடுக்கவே இல்லை.

அன்று பிற்பகல் கூடல்நகரில் அவள் வீட்டுக் கதவைத் தட்டியது மோனிஷா. முந்தானையால் கழுத்து வியர்வையைத் துடைத்துக்கொண்டு, ஒரு பிளாஸ்டிக் உறையைக் கையிடுக்கில் வைத்திருந்தாள். தண்ணீர் வாங்கிக் குடித்தாள்.

“எப்படி இருக்காரு?”

“வீட்லயே ஆக்சிஜன் சிலிண்டர் வச்சாச்சு. வாய் மட்டும் கொறையல. கம்பெனி குடுத்த காத்து போயி இப்ப கவருமெண்டு காத்துங்கிறாரு.” அவள் சிரிக்கவில்லை. “பேப்பர் பாத்தீங்களா?”

“பாத்தேன். அதை நிறுத்தணும் மோனிஷா. அந்தத் தண்ணிச் சாரல் இருக்கே, அது அடிக்கிறதைவிட மோசம். நாம சங்கத்துல பேசி, எல்லாருமா…”

“சங்கத்துல பேசியாச்சு. எங்க ஆளுங்களால முடியாது. ஏணில நாலு படி ஏறுனா ஒக்காந்துர்றாய்ங்க. அதனால வீட்டுக்கு ஒரு ஆளு எடுக்குறதா கம்பெனில ஒத்துக்கிட்டாய்ங்க. நாங்க பதினோரு பொம்பளைங்க பேரு குடுத்துருக்கோம்.”

அங்கயற்கண்ணி அவளையே பார்த்தாள். “நான் சொன்னது புரியலையா?”

“நல்லாப் புரிஞ்சுச்சு.”

“அப்புறம் எப்படி நீயே…”

“எப்படியா?” மோனிஷா தம்ளரை ணங்கென்று வைத்தாள். “வேல நின்னு பதினாறு நாளாச்சு. பத்திரிகக்காரன் வந்தான், டிவிக்காரன் வந்தான், அவரு வாயில கண்ணாடிய வச்சுப் படம் பிடிச்சான். அடுப்புல என்ன இருக்குன்னு ஒருத்தன் கேட்டானா? நீங்க கேட்டீங்களா? நீங்க செஞ்சது தப்புன்னு சொல்லல மேடம். நீங்க செஞ்சது நல்லது. அந்த நல்லதுக்கு அப்புறம் நாங்க என்ன செய்யணும்னு யாரும் எழுதலையே.”

வெளியே எதிர்வீட்டு மாடியில் வெயில் வெள்ளையாகக் கண்ணைக் குத்தியது. அங்கயற்கண்ணியின் கோபம் போக இடம் இல்லாமல் நின்றது. கம்பெனி மேல், கலெக்டர் மேல், மனோகரதாஸ் மேல் என்று அது சுற்றிச் சுற்றி வந்து அவள் மேலேயே இறங்கியது.

மோனிஷா உறையைப் பிரித்துத் தாள்களை எடுத்து மேசைமேல் அடுக்கினாள். பதினோரு படிவங்கள். ஒவ்வொன்றின் அடியிலும் ஒரே வாசகம்: ‘இந்த வேலையின் ஆபத்துகள் விண்ணப்பதாரருக்கு விளங்கும்படி எடுத்துச் சொல்லப்பட்டன.’ அதற்குக் கீழே, தகுதியுள்ள விஞ்ஞானி ஒருவர் கையெழுத்துப் போட ஒரு கட்டம்.

“இது அவங்க தப்பிக்கிறதுக்கு,” என்றாள் அங்கயற்கண்ணி. “நாளைக்கு உங்க யாருக்காவது மூச்சு நின்னா, தெரிஞ்சுதான் ஏறினாங்கன்னு இந்தத் தாளைத்தான் காட்டுவாங்க. என் பேரைத்தான் காட்டுவாங்க.”

“காட்டட்டும். ஆனா இதுல எழுதியிருக்கிறது பொய் இல்லையே? எனக்கு விளங்குற மாதிரி எடுத்துச் சொன்ன ஒரே ஆளு நீங்கதான். நான் போயி மத்த பத்துப் பேருக்கும் நீங்க சொன்ன மாதிரியே சொல்லிட்டேன். நாளைக்குக் காலையில இது இல்லாமப் போனா கேட்டுக்குள்ள விட மாட்டாய்ங்க.” அவள் பேனாவின் மூடியைத் திறந்து, முதல் தாளை அங்கயற்கண்ணியின் பக்கம் திருப்பி வைத்தாள். “இந்தக் கட்டத்துல மட்டும் போட்டுக் குடுங்க மேடம்.”